மூணு சுழி தப்பினால் என்ன?

தப்பு செய்த பிள்ளையைவிட, பக்கத்தில் இருக்கிற பெரியவர்கள்தான் அதிகம் பதறுகிறார்கள். லால்பேட்டையிலிருந்து ஒரு சிறப்புக் கட்டுரை.

இஷா பாங்கு சொல்லி அரை மணி இருக்கும். லால்பேட்டையில் ஏரிக்கரைப் பக்கம் ஒரு வீடு. கூடத்தில் விரித்த பாயில் யூகேஜி பையன் ஒருவன் குப்புறப் படுத்துக்கொண்டு 'ண' எழுதுகிறான். நோட்டின் தலைப்பில் மிஸ் ஒரு எழுத்து எழுதிக் கொடுத்திருக்கிறார்; அடி வரைக்கும் அவன் நிரப்ப வேண்டும். முதல் வரி நன்றாகவே வந்தது. இரண்டாவது வரியில் கை தன்பாட்டுக்கு ஓடி, மூன்று சுழிக்கு நான்காக விழுந்துவிட்டது. யாரும் சொல்லவில்லை, அவனே கண்டுபிடித்தான். அழித்தான். மறுபடியும் நாலு சுழி. ரப்பரை நாக்கில் தொட்டுத் தேய்த்தான். தாள் கறுத்து, நைந்து, கிழிந்தது. பென்சில் பறந்து ஷோகேஸ் கண்ணாடியில் போய் இடித்தது.

"நான் எழுத மாட்டேன். எனக்கு வராது!"

அந்த நேரம் பார்த்து ஷார்ஜாவிலிருந்து வீடியோ கால். "என்னா சத்தம் அங்க?" என்கிறார் அத்தா. உம்மா போனைப் பையன் முகத்துக்கு நேரே பிடித்து, "ஏன் எறிஞ்சே, அத்தாக்கிட்ட நீயே சொல்லு" என்கிறார். "இன்னுமா 'ண' வரல?" என்று திரையில் கேள்வி. பையன் பாயில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அலறுகிறான். சமையற்கட்டிலிருந்து வந்த நன்னி (பாட்டி), "புள்ளையப் போட்டு வையாதீங்க" என்று சொல்லிவிட்டுப் பென்சிலைத் தேடி எடுத்து, மீதிப் பக்கத்தை ஐந்தே நிமிஷத்தில் தானே நிரப்பிவிடுகிறார். மறுநாள் அந்தப் பக்கத்தில் விழுந்த ஸ்டார், நியாயமாக நன்னிக்குச் சேர வேண்டியது.

இதில் யாரும் கெட்டவர்கள் இல்லை. எல்லோரும் பிள்ளைமேல் உயிரையே வைத்திருப்பவர்கள்தான். ஆனால் தப்பு விழுந்ததற்கும் அது மறைந்ததற்கும் நடுவே அவனுக்கென்று ஒரு நிமிஷம்கூடக் கிடைக்கவில்லை. மூன்று பெரியவர்கள் அந்த இடத்தைப் பங்கு போட்டுக்கொண்டார்கள்.

தமிழ்நாட்டில் கொஞ்ச காலமாகவே, தப்பு செய்கிற பிள்ளையை என்ன செய்வது என்கிற பேச்சு ஓய்வதாக இல்லை. ஐந்தாம், எட்டாம் வகுப்புகளில் மாணவர்களை நிறுத்தி வைக்கலாம் என்று 2024 டிசம்பரில் மத்திய அரசு விதியை மாற்றியது. எட்டாம் வகுப்புவரை எல்லோரும் தேர்ச்சி என்பதே தொடரும் என்று தமிழக அரசு பதில் சொன்னது. 2025 ஜூலையில், கடைசி பெஞ்ச் என்ற ஒன்றே இருக்கக் கூடாது என்று வகுப்பறைகளில் 'ப' வடிவ இருக்கைக்கு அறிவுறுத்தல் வந்தது. கழுத்து வலிக்கும், கரும்பலகை தெரியாது என்று விமர்சனங்கள் கிளம்பவே நிறுத்தி வைக்கப்பட்டது. ஆகஸ்டில் மாநிலக் கல்விக் கொள்கை வெளியாகி, பிளஸ் ஒன் பொதுத் தேர்வு போனது. இவ்வளவும் பெரிய பிள்ளைகளின் கதை. பாயில் குப்புறப் படுத்திருக்கும் ஐந்து வயசுக்காரனைப் பற்றி யாரும் அறிக்கை விடுவதில்லை.

எட்டு எலும்புகளின் கதை

முதலில் அவன் கையைப் பார்த்துவிடலாம். நம் மணிக்கட்டில் எட்டுச் சிறு எலும்புகள் உண்டு. பிறந்த குழந்தையின் மணிக்கட்டை எக்ஸ்ரே எடுத்தால் அவற்றில் ஒன்றுகூடத் தெரியாது. எல்லாம் இன்னும் குருத்தெலும்புதான். முதல் சில மாதங்களில் இரண்டு தலைகாட்டும். மற்றவை ஒவ்வொன்றாக, ஆண்டுக்கணக்கில். பெருவிரல் பக்கத்து எலும்புகள், அதாவது பென்சில் பிடிக்கப் பக்கபலமாக இருக்க வேண்டியவை, எலும்பாக மாறத் தொடங்குவதே நாலு முதல் ஆறு வயதுக்குள். கடைசி எலும்பு வர எட்டு வயதுக்கு மேல் ஆகும். எல்கேஜியில் பக்கம் பக்கமாக எழுதச் சொல்லும்போது இந்தக் கையிடம்தான் கேட்கிறோம்.

கண்ணும் மூளையும் வேறு கணக்கில் போகின்றன. எழுத்தை இடவலம் மாற்றி, கண்ணாடியில் பார்த்த மாதிரி எழுதுவது மூன்றிலிருந்து ஏழு வயதுவரை உலகம் முழுக்கப் பிள்ளைகளிடம் காணக்கூடியது. நாற்காலியை எந்தப் பக்கமிருந்து பார்த்தாலும் அது நாற்காலிதான் என்று மூளை அதுவரை பழகியிருக்கிறது. 'b'யைத் திருப்பிப் போட்டால் வேறு எழுத்தாகிவிடும் என்பது அதற்குப் புதுச் செய்தி. இதைச் சோம்பல் என்றோ கவனக்குறைவு என்றோ சொல்ல ஒன்றுமில்லை.

இந்தச் சுமையைப் பற்றி நீதிமன்றமும் ஒருமுறை பேசியிருக்கிறது. ஒன்றாம், இரண்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு வீட்டுப்பாடம் கூடாது என்று 2018 மே மாதம் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி என்.கிருபாகரன் உத்தரவிட்டார். புத்தகப் பைச் சுமையைப் பற்றியும் அப்போது கடுமையாகச் சொன்னார். ஊர் ஊராகத் தெருவில் இறங்கி யூகேஜி நோட்டுகளைப் புரட்டினால் அந்த உத்தரவு எங்கே போனது என்று தேட வேண்டியிருக்கும். பள்ளியைக் கேட்டால் "பேரண்ட்ஸ்தான் கேக்குறாங்க" என்கிறார்கள். பெற்றோரைக் கேட்டால் "ஸ்கூல்ல குடுக்குறாங்க" என்கிறார்கள். இரண்டுமே உண்மையாக இருப்பதுதான் சிக்கல்.

▪ பெட்டிச் செய்தி: எவ்வளவு நேரம்தான் அழும்?

ஒன்றரை வயது முதல் ஐந்து வயது வரையுள்ள பிள்ளைகளின் ஆத்திர அழுகையைப் பற்றி அமெரிக்க ஆய்வாளர்கள் மைக்கேல் பொட்டேகலும் ரிச்சர்ட் டேவிட்சனும் 2003இல் ஓர் ஆய்வு வெளியிட்டார்கள். 335 பிள்ளைகளின் பெற்றோர் எழுதித் தந்த விவரங்கள் அடிப்படை. நான்கில் மூன்று பங்கு ஆர்ப்பாட்டங்கள் ஐந்து நிமிஷத்துக்குள் அடங்கிவிட்டன. மிக அதிகமாகக் காணப்பட்ட நேரம் அரை நிமிஷத்திலிருந்து ஒரு நிமிஷம். கோபம் ஆரம்பத்திலேயே உச்சத்துக்குப் போய் இறங்குகிறது. கடைசியில் மிஞ்சுவது வருத்தம். பிள்ளை மடியைத் தேடி வருவது அப்போதுதான்.

அந்த ஒரு நிமிஷம்

ஐந்து நிமிஷம் என்பது கடிகாரத்துக்குத்தான் ஐந்து நிமிஷம். பக்கத்து வீட்டு ஜன்னல் திறந்திருக்க, மாமியார் பார்த்துக்கொண்டிருக்க, அடுப்பில் குழம்பு கொதிக்க, அலறும் பிள்ளையோடு இருக்கிற தாய்க்கு அது ஒரு யுகம். அதனால்தான் கை தானாகப் போனைத் தேடுகிறது. யூடியூப் வந்ததும் அழுகை நிற்கிறது. மந்திரம் போட்ட மாதிரி நிற்பதால் மறுபடியும் அதையே தேடுகிறோம்.

மிச்சிகன் பல்கலைக்கழகத்தின் ஜென்னி ரடெஸ்கியும் உடன் ஆய்வாளர்களும் மூன்று முதல் ஐந்து வயதுப் பிள்ளைகளின் 422 பெற்றோரைப் பல மாதங்கள் தொடர்ந்து விசாரித்து, 2022 டிசம்பரில் முடிவை வெளியிட்டார்கள். பிள்ளையை அமர்த்த அடிக்கடி போனைக் கொடுத்த வீடுகளில், பிற்பாடு பிள்ளைகளின் சீற்றம் கூடியிருந்தது. முக்கியமாகப் பையன்களிடமும், இயல்பிலேயே துறுதுறுப்பு மிகுந்த பிள்ளைகளிடமும். காரணத்தை ஊகிப்பது கடினமில்லை. அழுகை தானாக ஏறி இறங்குவதைப் பிள்ளை ஒருமுறைகூட முழுசாகப் பார்க்கவில்லை. பாதியிலேயே யாரோ வந்து சுவிட்சை அணைத்துவிடுகிறார்கள். இந்தியக் குழந்தைகள் நல மருத்துவர் சங்கம் 2021இல் தந்த வழிகாட்டுதல், இரண்டு வயதுவரை திரையே வேண்டாம், ஐந்து வயதுவரை நாளுக்கு ஒரு மணி நேரத்துக்கு மேல் வேண்டாம், அதுவும் பெரியவர்கள் பக்கத்தில் இருந்தால்தான் என்கிறது. அத்தா வெளிநாட்டிலிருந்து பேசுகிற வீடியோ காலை இந்தக் கணக்கில் சேர்ப்பது நியாயமில்லை என்பது என் கட்சி.

சரி, அந்த ஒரு நிமிஷத்தில் என்னதான் செய்வது? பெரிதாக ஒன்றுமில்லை, அதுதான் கஷ்டம். எறிகிற பொருளை எட்டி வைத்துவிட்டுப் பக்கத்தில் உட்கார வேண்டும். உபதேசம் கூடாது, அந்நேரம் காதில் ஏறாது. "சுழி ஒண்ணு கூடிப்போச்சு, அதான் கோபம்" என்று நடந்ததை மட்டும் சொன்னால் போதும். தனக்கு என்ன ஆனது என்று சொல்ல வார்த்தை இல்லாததால்தான் பிள்ளை பென்சிலை எறிகிறது. வார்த்தையை நாம் கடன் கொடுக்கிறோம். மூச்சு சீரானதும், "எந்த இடத்துல கூடிச்சு, காட்டு" என்று கேட்டால் பெரும்பாலான பிள்ளைகள் விரலை வைத்துக் காட்டிவிடும். அதற்குப் பிறகு ஒரு பக்கம் வேண்டாம், ஒரு எழுத்து எழுதினால் போதும். அதிலும் முதல் சுழிக்கு மட்டும் நாம் கை கொடுத்துவிட்டு விட்டுவிடலாம்.

நன்னி செய்ததைச் செய்யக் கூடாது. அவர் பிள்ளையின் அழுகையை நிறுத்தினார், சரி. 'எனக்கு வராது' என்று அவன் கத்தியதற்குப் பேசாமலே சாட்சிக் கையெழுத்தும் போட்டுவிட்டார்.

மார்க்கைப் போட்டோ எடுக்கும் ஊர்

லால்பேட்டையைப் பற்றி அதிகம் விளக்கத் தேவையில்லை. காட்டுமன்னார்கோயிலை ஒட்டி, வீராணம் ஏரிக்கரையில் இருக்கிற பேரூராட்சி. முஸ்லிம்கள் பெரும்பான்மை. நூற்றைம்பது ஆண்டைக் கடந்த ஜாமிஆ மன்பவுல் அன்வார் அரபிக் கல்லூரி, சுற்றிலும் நெல், வெற்றிலைக் கொடிக்கால். வீட்டுக்கு ஒருவராவது வளைகுடாவிலோ சிங்கப்பூரிலோ மலேசியாவிலோ இருப்பார் என்று சொன்னால் ஊரில் யாரும் மறுக்க மாட்டார்கள்.

அதனால் இங்கே பிள்ளை வளர்ப்பில் ஒரு தனிக் கோணம் சேர்ந்துகொள்கிறது. பிள்ளை முதல் முதலாகத் தவழ்ந்ததை, சைக்கிளிலிருந்து விழுந்ததை, சோறு ஊட்ட விடாமல் ஓடியதை அத்தா பார்ப்பதில்லை. அவருக்குப் போய்ச் சேர்வது போட்டோ எடுக்க முடிந்தவை மட்டும்: ரேங்க் கார்டு, கலர் அடித்த படம், ஸ்டார் விழுந்த நோட்டு. பரீட்சைத் தாள் வந்தால் நல்ல வெளிச்சத்தில் வைத்துப் படம் எடுத்து குடும்பக் குரூப்பில் போடுகிறார்கள். சாச்சா தம்ஸ்அப் போடுகிறார், மாமி மாஷா அல்லாஹ் போடுகிறார். மார்க் குறைந்த தாள் குரூப்புக்கு வருவதே இல்லை. தப்பு என்றால் மறைக்க வேண்டிய சமாச்சாரம் என்று பிள்ளைக்கு யாரும் தனியாகச் சொல்லித்தர வேண்டியதில்லை. எந்தத் தாள் படம் எடுக்கப்படுகிறது, எது அலமாரிக்குள் போகிறது என்று பார்த்தே தெரிந்துகொள்கிறது.

இன்னொன்றும் உண்டு, பெண்கள் தணிந்த குரலில்தான் சொல்வார்கள். "அவரு அனுப்புற காசுல ஃபீஸ் கட்டுறோம். புள்ள படிக்கலன்னா எங்களத்தான கேப்பாங்க, நீ ஊட்டுல என்ன பண்ணிக்கிட்டிருந்தேன்னு." மகனின் நாலாவது சுழி அவள் கணக்கில் எழுதப்படுகிறது. பிள்ளை தப்பு செய்யும்போது உம்மா முகத்தில் ஓடுவது கோபமென்று பிள்ளை நினைக்கிறது. உண்மையில் பாதி பயம்.

இந்த முகம் சின்ன விஷயமில்லை. ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த கைலா ஹைமோவிட்ஸும் கரோல் ட்வெக்கும் 2016இல் வெளியிட்ட ஆய்வு இதைத்தான் தொட்டது. அறிவு வளரும் என்று பெற்றோர் நம்புகிறார்களா இல்லையா என்பது பிள்ளைகளுக்கு அவ்வளவாகத் தெரிவதில்லை. தோல்வியைக் கண்டு பெற்றோர் எப்படி ஆடிப்போகிறார்கள் என்பது மட்டும் பளிச்சென்று தெரிகிறது. தன்னால் முன்னேற முடியுமா என்கிற முடிவைப் பிள்ளை அதிலிருந்தே எடுக்கிறது. வாயால் "பரவாயில்ல கண்ணு" என்று சொல்லிவிட்டு முகத்தால் வேறு சொன்னால், முகம்தான் ஜெயிக்கும்.

புகழ்ச்சியிலும் வில்லங்கம் இருக்கிறது. ட்வெக்கும் கிளாடியா முல்லரும் 1998இல் வெளியிட்ட சோதனை வரிசை பிரபலம். ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு எளிய புதிர்கள் கொடுத்தார்கள். முடித்ததும் ஒரு பிரிவிடம் "நீ புத்திசாலி" என்றார்கள், இன்னொரு பிரிவிடம் "நல்லா உழைச்சே" என்றார்கள். அடுத்து வேண்டுமென்றே கடினமான புதிர்கள். புத்திசாலிப் பட்டம் வாங்கியவர்கள் சீக்கிரம் துவண்டார்கள், அடுத்தடுத்த புதிர்களிலும் சறுக்கினார்கள். தங்கள் மதிப்பெண்ணை வேறு பள்ளிப் பிள்ளைகளுக்கு எழுதித் தெரிவிக்கச் சொன்னபோது, அவர்களில் 38 விழுக்காட்டினர் கூட்டிச் சொன்னார்கள். பத்து வயதில், முன்பின் தெரியாத ஒருவருக்காகப் பொய்!

இந்த ஆய்வுகளை வைத்து இப்போது உலகம் முழுக்க ஒரு வியாபாரமே நடக்கிறது என்பதையும் சொல்லிவிட வேண்டும். சுவரொட்டி, பயிற்சி வகுப்பு, ஸ்டிக்கர். 'முயன்றால் முடியும்' என்று எழுதி ஒட்டுவதால் மார்க் எகிறிவிடாது. பின்னால் வந்த பெரிய ஆய்வுகளில் இந்த மாதிரிப் பயிற்சிகளின் பலன் சிறிதாகத்தான் தெரிந்தது. என்னைக் கேட்டால், புகழ்வதற்கு எந்தச் சொல் சரி என்று மண்டையை உடைத்துக்கொள்வதைவிட, பிள்ளை செய்ததை உற்றுப் பார்த்துச் சொல்வது மேல். "மூணாவது வரியில சுழி எல்லாம் ஒரே அளவுல வந்திருக்கு" என்று சொல்ல, நோட்டை நிஜமாகவே பார்த்திருக்க வேண்டும். கட்டைவிரல் படத்துக்கு அது தேவையில்லை.

பொதுத் தேர்வில் மாநில அளவில் முதலிடம், இரண்டாமிடம் என்று அறிவிக்கும் வழக்கத்தைத் தமிழக அரசு 2017லேயே கைவிட்டது. பதினேழு வயதுக்காரர்களுக்கே அது வேண்டாம் என்று முடிவாகிவிட்ட ஊரில், யூகேஜிக்கு இன்னும் ரேங்க் போடுகிற பள்ளிகள் இருக்கின்றன.

திக்கினால் இரட்டைக் கூலி

இதே பிள்ளைகள் காலையிலோ மாலையிலோ தொப்பியும் முக்காடுமாக மக்தபுக்குக் குர்ஆன் ஓதப் போகிறார்கள். அங்கே திருத்துகிற முறை வேறு. ஒவ்வொரு பிள்ளையாக, ஓதிக்கொடுக்கும் ஹஜ்ரத் முன்னால் உட்கார்ந்து அன்றைய பாடத்தை ஓதிக் காட்ட வேண்டும். தப்பினால் ஹஜ்ரத் அந்த இடத்திலேயே நிறுத்துவார். தானே சரியாக ஓதிக் காட்டுவார். பிள்ளை திருப்பி ஓதும். மறுபடி தப்பினால் மறுபடி. சரியாக வந்ததும் அடுத்த வரி. வரவில்லை என்றால் நாளைக்கும் அதே பாடம்தான். பக்கத்துப் பிள்ளை முன்னே போய்விட்டது என்பதற்காக யாரையும் இழுத்துக்கொண்டு ஓடுவதில்லை. ஹாஃபிழ் ஆகப் போகிறவர்கள் குர்ஆனின் 114 அத்தியாயங்களையும் மனனம் செய்வது இப்படித்தான், வருஷக்கணக்கில், தப்பும் திருத்தமுமாக.

தங்குதடையின்றி ஓதுபவருக்கு உயர்ந்த இடம் உண்டு, திக்கித் திணறிச் சிரமப்பட்டு ஓதுபவருக்கோ இரண்டு கூலி உண்டு என்ற பொருளில் ஒரு நபிமொழி இருக்கிறது. புகாரி, முஸ்லிம் இரண்டு தொகுப்புகளிலும் பதிவானது. ஊரில் பெரியவர்கள் எல்லோருக்கும் தெரிந்தது. ஜும்ஆ மேடையில் கேட்டுத் தலையாட்டுகிறவர்கள்தான், வீட்டுக்கு வந்து ஆங்கில ரைமில் ஒரு வரி தடுக்கினால் பொறுமை இழக்கிறார்கள்.

மக்தபைத் தூக்கி மேலே வைக்கிறேன் என்று நினைக்க வேண்டாம். பிரம்பின் கதையும் அங்கே உண்டு. இன்று ஐம்பதைக் கடந்தவர்களிடம் கேட்டால் உள்ளங்கையை விரித்துக் காட்டிச் சிரிப்பார்கள். அடி வாங்கித்தான் ஓதினோம் என்று பெருமையாகவும் சொல்வார்கள். அடிக்குப் பயந்து ஓதுவதை விட்டு ஓடியவர்கள் அந்தப் பேச்சில் கலந்துகொள்வதில்லை, அவ்வளவுதான். திருத்துவதற்குப் பிரம்பு எந்தக் காலத்திலும் தேவைப்பட்டதில்லை. நிறுத்தி, ஓதிக் காட்டி, திரும்பக் கேட்கிற பொறுமைதான் அந்த வேலையைச் செய்தது. பிரம்பு கூடவே ஒட்டிக்கொண்டு பெயர் வாங்கிவிட்டது.

▪ பெட்டிச் செய்தி: சட்டம் என்ன சொல்கிறது?

மாணவரை உடல் ரீதியாகத் தண்டிப்பதையும் மன ரீதியாகத் துன்புறுத்துவதையும் 2009ஆம் ஆண்டின் கட்டாயக் கல்வி உரிமைச் சட்டம், 17ஆம் பிரிவில் தடை செய்கிறது. மீறினால் துறை நடவடிக்கை உண்டு. 'முட்டாள்' என்று வகுப்பின் முன் நிறுத்திச் சொல்வதும் மனத் துன்புறுத்தல்தான். புகார் சொல்லவும் ஆலோசனை கேட்கவும் குழந்தைகள் உதவி எண் 1098; தமிழகப் பள்ளிக் கல்வித் துறையின் எண் 14417.

அடையாற்றில் வந்து இறங்கிய கட்டைகள்

தப்பை யார் சொல்வது என்பதில்தான் எல்லாம் இருக்கிறது என்று கண்டுபிடித்தவர் மரியா மாண்டிசோரி. அவர் தமிழ்நாட்டில் வருஷக்கணக்கில் இருந்தவர் என்பது நம்மில் பலருக்கு மறந்துவிட்டது. 1939இல் பிரம்மஞான சபையின் அழைப்பில் சென்னை அடையாறுக்கு வந்தார். ஓலைக் கொட்டகைகளில் ஆசிரியர் பயிற்சி நடத்தினார். 1940இல் இத்தாலி போரில் குதித்ததும் இத்தாலியரான அவர் ஆங்கிலேய அரசுக்கு எதிரி நாட்டுப் பிரஜையானார். மகன் மாரியோவைச் சிறை வைத்தார்கள். மாண்டிசோரியின் எழுபதாவது பிறந்தநாளை ஒட்டி விட்டார்கள். போர் முடியும்வரை நாட்டைவிட்டுப் போக முடியாமல், ஒரு பகுதிக் காலத்தைக் கொடைக்கானலில் பிள்ளைகளோடு கழித்தார்.

அவருடைய சாமான்களில் ஒன்று உருளைக்கட்டை. நீளமான மரத் துண்டில் பத்துக் குழிகள். குமிழ் வைத்த பத்து உருளைகள், ஒவ்வொன்றும் ஒவ்வொரு பருமன். பிள்ளை எல்லாவற்றையும் வெளியே எடுத்து மறுபடி பொருத்த வேண்டும். மெல்லிய உருளையைப் பெரிய குழியில் போட்டுவிட்டால் அப்போதைக்கு ஒன்றும் ஆகாது. டீச்சர் வாயைத் திறக்க மாட்டார். கடைசியில் கையில் ஒரு உருளை மிஞ்சும், எந்தக் குழிக்குள்ளும் போகாது. எங்கேயோ தப்பு நடந்திருக்கிறது என்று கட்டையே சொல்லிவிடும். பிள்ளை யார் முகத்தையும் பார்க்க வேண்டியதில்லை, வெட்கப்படவும் தேவையில்லை. பிரித்துவிட்டு முதலிலிருந்து ஆரம்பிக்கும். மூன்று வயதுக்காரர்கள் இதை அலுக்காமல் திரும்பத் திரும்பச் செய்வார்கள்.

இப்படிப்பட்ட சாமான்களை வைத்து நடத்துகிற பள்ளிகளின் கட்டணம் லால்பேட்டைத் தெருக்களுக்கு எட்டாது. ஆனால் அந்த யோசனையின் உறவுக்காரர்கள் அரசுப் பள்ளிக்கே வந்திருக்கிறார்கள். ஆந்திரத்து ரிஷிவேலிப் பள்ளியின் முறையைப் பார்த்து, 2003இல் சென்னை மாநகராட்சிப் பள்ளிகளில் எம்.பி.விஜயகுமார் ஐஏஎஸ் தொடங்கிய செயல்வழிக் கற்றல், நான்கைந்து ஆண்டுகளில் மாநிலம் முழுக்கப் பரவியது. அட்டைகள், ஏணிப்படிகள், ஒவ்வொரு பிள்ளையும் தன் வேகத்தில். கொரோனாவுக்குப் பின் 2022 ஜூனில் 'எண்ணும் எழுத்தும்' வந்தது. அரும்பு, மொட்டு, மலர் என்று பிள்ளை நிற்கும் இடத்தை வைத்துப் பாடம். ஆசிரியர்கள் இதிலும் குறை சொல்கிறார்கள். ஆப்பில் மதிப்பீடு ஏற்றவே பொழுது போகிறது என்பது நியாயமான குறை. ஆனாலும் இரண்டாம் வகுப்புப் பிள்ளை அரும்பு நிலையில் இருப்பதை, வெட்கம் இல்லாமல் சொல்ல அந்த முறையில் ஓர் இடம் இருக்கிறது. அங்கன்வாடியில் 'ஆடிப்பாடி விளையாடு பாப்பா' நடக்கிற நேரத்தில் எட்டிப் பார்த்தால், கட்டை அடுக்கிச் சரிந்து விழுந்ததும் கைதட்டிச் சிரிக்கிற பிள்ளைகளைப் பார்க்கலாம். அதே பிள்ளை எல்கேஜி யூனிஃபார்முக்குள் போனதும் சிரிப்பு நின்றுவிடுகிறது.

நூறு வெற்றிலை

லால்பேட்டைக்கும் கொள்ளுமேட்டுக்கும் இடையே கொடிக்கால் பக்கம் போனால், கிள்ளிய வெற்றிலையைக் குவித்துவைத்து அடுக்குகிறவர்களைப் பார்க்கலாம். நூறு வெற்றிலை ஒரு கவுளி. காம்பு ஒரு பக்கமாக, அளவு பார்த்து, விரல் ஓட்டத்திலேயே எண்ணி அடுக்குகிறார்கள். பேச்சு சுவாரஸ்யத்தில் எண்ணிக்கை விட்டுப்போகும். "அட, உட்டுட்டேன்" என்று சொல்லி, அடுக்கியதைக் கலைத்து மறுபடி ஒன்றிலிருந்து. யாரும் தலையில் அடித்துக்கொள்வதில்லை. பக்கத்தில் உட்கார்ந்து நறுக்குக் காம்பை வைத்து விளையாடுகிற பேத்தி இதைப் பார்க்கிறாள்.

அவள் பார்ப்பது வீண் போகாது. அமெரிக்காவின் எம்ஐடியில் ஜூலியா லெனார்ட் நடத்தி, 2017இல் 'சயின்ஸ்' இதழில் வெளியான ஆய்வில், பதினைந்து மாதக் குழந்தைகள் முன்னால் ஒரு பெரியவர் டப்பாவைத் திறக்கத் திணறினார். பலமுறை தோற்றுக் கடைசியில் திறந்தார். வேறு சில குழந்தைகள் முன்னால் சட்டென்று திறந்துவிட்டார். பிறகு குழந்தைகள் கையில் அமுக்கினாலும் பாட்டு வராத ஒரு பொம்மை. திணறலைப் பார்த்த குழந்தைகள் அதிக முறை அமுக்கிப் பார்த்தன. பேச்சுக்கூட வராத வயது அது.

நம் வீடுகளில் பெரியவர்கள் தப்பே செய்யாதவர்களாக நடமாடுகிறோம். இடியாப்பம் பிசகினால் ரகசியமாகக் குப்பைக்குப் போகிறது. "மாவு தண்ணியாப் போச்சு, இன்னொரு ஈடு போட்டுப் பாக்குறேன்" என்று பிள்ளை காதுபட ஒருமுறை சொன்னால் போதும்.

▪ பெட்டிச் செய்தி: எப்போது மருத்துவரிடம் போவது?

தப்புக்கு அழுவது நோயில்லை. ஆனால் ஐந்து வயதைத் தாண்டியும் ஆர்ப்பாட்டம் நாளுக்குப் பலமுறை வந்து வெகுநேரம் நீடித்தால், தன்னையே அடித்துக்கொண்டாலோ கடித்துக்கொண்டாலோ, பேச்சு பிந்தினால், ஒன்றாம் வகுப்பு முடிந்தும் எழுத்தே பிடிபடாமல் போனால் காட்டிவிடுவது நல்லது. பார்வை, செவித்திறன் குறைகூடக் காரணமாக இருக்கலாம். சிதம்பரம் அண்ணாமலை நகரில் உள்ள அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை (பழைய ராஜா முத்தையா) அருகில் இருப்பது. பெற்றோருக்கே மனச்சோர்வாக இருந்தால் 14416 என்ற டெலி மானஸ் எண்ணில் தமிழிலேயே பேசலாம், கட்டணமில்லை.

ரெண்டு மாச லீவு

இதையெல்லாம் கேட்டுவிட்டு ஊர்ப் பெண்கள் எழுப்புகிற கேள்வி வேறு. "நாங்க பொறுத்துப் போயிடுவோம். அவங்க லீவுல வர்றப்பதான் பிரச்சினையே."

இரண்டு வருஷத்துக்கு ஒருமுறை ரெண்டு மாசம். அத்தா பெட்டி நிறையச் சாக்லேட்டோடு வருகிறார். முதல் வாரம் பிள்ளை தோளை விட்டு இறங்காது. இரண்டாம் வாரம் நோட்டைக் கேட்கிறார். மூன்றாம் வாரம் கணக்குச் சொல்லிக்கொடுக்க உட்காருகிறார். விடுபட்ட இருபத்திரண்டு மாதத்தையும் மிச்சமிருக்கிற ஐந்து வாரத்தில் சரிசெய்துவிட வேண்டும் என்கிற தவிப்பு அவருக்கு. சைட்டில் பொறுப்பாளராக இருப்பவர். ஆள் தப்பு செய்தால் உடனே திருத்தித்தான் பழக்கம். ஏழும் ஐந்தும் பதினொன்று என்று பிள்ளை சொன்னதும் குரல் உயர்கிறது. பிள்ளை எழுந்து நன்னி முந்தானைக்குப் பின்னால் போகிறது. "செல்லங்கொடுத்துக் கெடுத்து வெச்சிருக்கீங்க" என்று அவர் சொல்ல, சாப்பாட்டு நேரம் ஊமையாகக் கழிகிறது. அவர் விமானம் ஏறும்போது கணக்கும் வந்திருக்காது, பிள்ளையும் கொஞ்சம் தள்ளிப்போயிருக்கும்.

ஊரில் சில அத்தாமார்கள் இதற்கு ஒரு வழி கண்டிருக்கிறார்கள். லீவில் நோட்டுப் பக்கமே போவதில்லை. ஏரிக்கரைக்குக் கூட்டிப்போய் சைக்கிள் பழக்குகிறார்கள். அத்தாவும் மகனும் சேர்ந்து தூண்டில் போட்டு ஒன்றும் மாட்டாமல் திரும்புகிறார்கள். அத்தா பரோட்டாவுக்கு மாவு பிசைந்து சொதப்புகிறார். பாடத்தை உம்மாவும் மிஸ்ஸும் பார்த்துக்கொள்ளட்டும், தப்புப் பண்ணிச் சிரிக்கிற வேலையை நான் பார்க்கிறேன் என்கிற ஏற்பாடு.

திரும்பிப் போன பிறகு மிச்சமிருப்பது அந்தத் தினசரி அழைப்புதான். "இன்னைக்கு எத்தனை மார்க்?" என்பதற்குப் பதிலாக "இன்னைக்கு எதுல மாட்டிக்கிட்டே?" என்று கேட்டுப் பார்க்கலாம். ஒரு எச்சரிக்கை: மார்க் என்றால் ஒரு எண்ணில் முடிந்துவிடும். இந்தக் கேள்விக்கு ஐந்து வயசுப் பிள்ளை பதில் சொல்லத் தொடங்கினால் நடுவில் பூனை வரும், பக்கத்து பெஞ்ச் பையன் வருவான், திருடுபோன ஷார்ப்னர் வரும், அப்புறம்தான் நாலாவது சுழி வரும். டூட்டிக்குப் போகிற வழியில் கேட்கிற கேள்வி இல்லை இது. ரூமுக்கு வந்து, கை கால் கழுவி, சாவகாசமாக உட்கார்ந்து கேட்க வேண்டும்.